டிரிப்பர் விழுந்தால் கழற்றச் சொல்லாதீர்கள்: வீட்டுக்கு ஆர்சிசிபி போடுவதும் பார்த்துக்கொள்வதும்

மார்கழி பிறந்துவிட்டால் ஏற்காட்டிலிருந்து எனக்கு வரும் போன்களில் பாதி ஒரே மாதிரி இருக்கும். "அண்ணா, கீசர் போட்டா டிரிப்பர் விழுந்துடுதுங்க, விடியக்காலைல பச்சத்தண்ணியிலயா குளிக்கறது, வந்து அதை எடுத்துட்டு நேரா கொடுத்துடுங்க." சேலத்தில் வீட்டு வயரிங் வேலை பார்க்கிறேன், மாதத்தில் நாலைந்து நாள் மலைக்கும் போவேன். இருபது கொண்டை ஊசி வளைவு ஏறிப்போய் வேலை பார்ப்பேன், ஆனால் நேராக மட்டும் கொடுக்க மாட்டேன். அப்படி யாரோ நேராகக் கொடுத்த ஒரு வீட்டில், அந்த வீட்டு அம்மா ஷவர் குழாயைத் திருப்பியபோது ஷாக் அடித்துத் தூக்கி எறியப்பட்டு மணிக்கட்டு எலும்பு உடைந்து கிடந்ததைப் பார்த்திருக்கிறேன். தூக்கி எறிந்ததால் பிழைத்தார். குழாயோடு கை ஒட்டிக்கொண்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று எனக்குத் தெரியும்.

அதனால் ஆர்சிசிபி என்கிற இந்த டிரிப்பர் என்ன செய்கிறது, எதை வாங்குவது, எப்படிப் போடச் சொல்வது, விழுந்தால் எங்கே தேடுவது என்பதை எல்லாம் எழுதிவிடுகிறேன். வயரில் கை வைக்கிற வேலை உரிமம் உள்ள ஒயர்மேனுடையது. ஆனால் வேலை சரியாக நடக்கிறதா என்று பார்ப்பது வீட்டுக்காரர் செய்ய வேண்டியது, அதற்கு விஷயம் தெரிந்திருக்க வேண்டும்.

முதல் குழப்பம் பெயரில் இருக்கிறது. நம் ஊரில் டிபி பெட்டிக்குள் (கரண்டை அறைவாரியாகப் பிரித்து அனுப்புகிற பெட்டி) கீழே விழுகிற எல்லாவற்றுக்கும் டிரிப்பர் என்றுதான் பெயர். ஆனால் அதில் இரண்டு சாதி உண்டு. ஒன்று எம்சிபி. ஒயரில் அளவுக்கு மேல் கரண்ட் போனாலோ, பேஸும் (கரண்ட் வரும் ஒயர்) நியூட்ரலும் (அது திரும்பும் ஒயர்) நேராக ஒட்டி ஷார்ட் ஆனாலோ விழும். அது ஒயரைக் காப்பாற்ற வந்தது, வீடு தீப்பிடிக்காமல் பார்த்துக்கொள்ளும். இன்னொன்று ஆர்சிசிபி, பழைய ஆட்கள் ஈஎல்சிபி என்று சொல்வது இதைத்தான். மனிதரைக் காப்பாற்றுவது இது. இரண்டையும் பிரித்துச் சொல்ல ஒரு சுலபமான அடையாளம், ஆர்சிசிபியில் ஒரு சின்ன டெஸ்ட் பட்டன் இருக்கும், பெரும்பாலும் அதன்மேல் 'டி' என்ற ஆங்கில எழுத்து இருக்கும். இப்போதே எழுந்துபோய் உங்கள் பெட்டியைத் திறந்து பாருங்கள். பட்டன் உள்ள சாமான் ஒன்றுகூட இல்லையென்றால் உங்கள் வீட்டில் ஷாக்குக்குப் பாதுகாப்பு இல்லை, எம்சிபி பத்து இருந்தாலும் இல்லை.

ஏன் இவ்வளவு உறுதியாகச் சொல்கிறேன் என்றால், கணக்கு அப்படி. பூஜை அறையில் எரியும் 15 வாட்ஸ் ஜீரோ பல்பு இழுக்கும் கரண்ட் ஏறக்குறைய 65 மில்லி ஆம்பியர். அந்தக் கரண்ட் ஒரு கையில் ஏறி நெஞ்சு வழியாக இறங்கி ஓரிரு நொடி நின்றால் இதயம் தாளம் தப்பிவிடலாம். கீசர் பாயிண்டில் இருக்கும் எம்சிபியோ 16 ஆம்பியர், அதாவது 16,000 மில்லி ஆம்பியர். ஈரக்காலோடு நிற்கும் ஆளின் உடம்பு ஏறக்குறைய ஆயிரம் ஓம் தடை கொடுக்கும் என்று வைத்தால், 230 வோல்ட்டில் அவர் வழியாகப் போவது 230 மில்லி ஆம்பியர். எம்சிபிக்கு அது ஒரு குண்டு பல்பு போட்ட மாதிரி. ஆள் துடித்துக்கொண்டிருந்தாலும் அது பாட்டுக்கு நிமிர்ந்தே நிற்கும்.

ஆர்சிசிபி வேறு கேள்வி கேட்கிறது. எவ்வளவு கரண்ட் போகிறது என்பது அதற்குக் கவலையில்லை, போனதெல்லாம் திரும்பி வந்ததா என்பதுதான் கவலை. லீ பஜாரில் மண்டி வாசலில் உட்கார்ந்து போகிற மூட்டையையும் வருகிற மூட்டையையும் எண்ணுகிற கணக்குப்பிள்ளை போல. உள்ளே ஒரு வளையம், இரும்பு உலோகக் கலவையில் செய்தது. அதன் நடுவே பேஸ் ஒயரும் நியூட்ரல் ஒயரும் சேர்ந்தே நுழைந்து போகும். பேஸில் போகிற கரண்டும் நியூட்ரலில் திரும்புகிற கரண்டும் சமமாக இருக்கும்வரை ஒன்றின் காந்தப்புலத்தை மற்றது அழித்துவிடும், வளையத்துக்கு எதுவும் தெரியாது. கரண்டில் கொஞ்சம் உங்கள் உடம்பு வழியாகவோ கிரைண்டர் பாடி வழியாகவோ மண்ணுக்குப் போய்விட்டால் திரும்பி வருவது குறையும். அந்த வித்தியாசம் வளையத்தில் சுற்றியிருக்கும் மூன்றாவது சுருளில் மின்னழுத்தத்தைத் தூண்டும், கொக்கி விடுபடும், பேஸ் நியூட்ரல் இரண்டும் ஒரே நேரத்தில் அறுந்துவிடும்.

வீட்டுக்குப் போடுவது 30 மில்லி ஆம்பியர் வித்தியாசத்துக்கு விழுவது. நம் நாட்டுத் தரம் ஐஎஸ் 12640 சொல்வது என்னவென்றால், பாதி அளவான 15க்குக் கீழே விழக்கூடாது, 30 வந்தால் 300 மில்லி செகண்டுக்குள் விழ வேண்டும், ஐந்து மடங்கு 150 வந்தால் 40 மில்லி செகண்டுக்குள். நம் கரண்ட் நொடிக்கு 50 முறை அலைகிறது, ஆக 40 மில்லி செகண்ட் என்பது இரண்டே அலை. ஏன் 30? அமெரிக்காவில் கலிபோர்னியா பல்கலைக்கழகப் பேராசிரியர் சார்லஸ் டால்சீல், கையில் பிடித்த கம்பியை விட முடியாமல் தசை இறுகிக்கொள்ளும் கரண்டை ஆட்களை வைத்தே அளந்தார். சராசரியாக ஆண்களுக்கு 16 மில்லி ஆம்பியர், பெண்களுக்கு 10.5. அவரே 1961இல் இந்த மாதிரிப் பாதுகாப்புக் கருவி ஒன்றையும் உருவாக்கினார், அங்கே வீடுகளில் இன்றும் 5 மில்லி ஆம்பியருக்கே விழுகிற மாதிரி வைத்திருக்கிறார்கள். நாம் வைத்திருக்கும் 30, தசை பிடித்துக்கொள்ளும் அளவுக்கு மேலே, ஆனால் நேரம் குறைவாக இருப்பதால் இதயம் தாளம் தப்பும் அளவுக்குக் கீழே.

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். ஆர்சிசிபி இருந்தாலும் ஷாக் அடிக்கும். சுரீர் என்று நன்றாகவே அடிக்கும். அது கரண்டைக் குறைப்பதில்லை, நேரத்தைக் குறைக்கிறது. ஏணிமேல் நிற்கும்போது அடித்தால் விழுந்து அடிபடலாம்.

எர்த் எதற்கு, பாறை ஊரில் இது ஏன் இன்னும் முக்கியம்

ஆர்சிசிபி வேலை செய்ய எர்த் ஒயர் (சாமானின் பாடியை மண்ணோடு இணைக்கும் ஒயர்) தேவையில்லை, எர்த்தே இல்லாத வீட்டிலும் விழும். ஆனால் எப்போது விழும் என்பதில் வித்தியாசம் இருக்கிறது. எர்த் சரியாக இருந்தால் கீசர் பாடியில் கரண்ட் இறங்கின உடனே அது எர்த் ஒயர் வழியாக மண்ணுக்குப் போகும், யாரும் குளியலறைப் பக்கம் போகும் முன்பே விழுந்துவிடும். எர்த் இல்லாவிட்டால் பாடி கரண்டோடு காத்திருக்கும், முதலில் தொடுகிற ஆள் வழியாகத்தான் போகும், அவருக்கு அடித்த பிறகுதான் விழும். அந்த ஆள் குழந்தையாக இருக்கலாம். ஆகவே இரண்டும் வேண்டும்.

நம் பக்கத்தில் எர்த் போடுவது லேசான காரியமில்லை. சேர்வராயன் மலை முழுக்கச் சார்னோக்கைட் பாறை, மேலே மண் இருக்கும், கடப்பாறை கொஞ்சம் இறங்கியதும் டங்கென்று நிற்கும். கீழே சேலத்திலும் பல இடத்தில் அதே கதைதான், மேக்னசைட் வெட்டுகிற பக்கம் வெள்ளைக்கல். பாறையில் போட்ட எர்த் 50 ஓம் காட்டுவது உண்டு, கோடையில் மண் காய்ந்தால் இன்னும் ஏறும். 50 ஓம் என்றால் முழு பேஸும் பாடியில் இறங்கினால்கூட எர்த்தில் போவது 4.6 ஆம்பியர். 16 ஆம்பியர் எம்சிபி இதற்கு நாள் முழுக்க விழாது. பாடியில் கிட்டத்தட்ட முழு வோல்ட்டேஜ் நிற்கும், எர்த் ஒயரோடு சேர்ந்த மற்ற சாமான்களின் பாடியிலும் அது ஏறி நிற்கும், ஃப்ரிட்ஜ் கைப்பிடி உட்பட. ஆர்சிசிபிக்கோ 4.6 ஆம்பியர் என்பது அதன் அளவைப்போல 150 மடங்கு, கண் இமைக்கும் முன் விழும். மலைவீடுகளுக்கு இது கட்டாயம் என்று நான் பிடிவாதம் பிடிப்பது இதனால்தான்.

எர்த் குழியைப் பற்றிச் சுருக்கமாக. மண் ஈரமாக இருக்கும் இடமாகப் பாருங்கள், குளியலறைத் தண்ணீர் போகிற பக்கம், தென்னை மரத்தடி. பைப்பை இரண்டரை மூன்று மீட்டர் இறக்க முடிந்தால் நல்லது, பாறை விடவில்லை என்றால் இரண்டு மூன்று குழி போட்டு ஒன்றாக இணைக்கச் சொல்லுங்கள். பங்குனி, சித்திரையில் வாரம் ஒரு முறை இரண்டு குடம் தண்ணீர் ஊற்றுங்கள். எர்த் மீட்டர் வைத்து அளந்து காட்டச் சொல்லுங்கள். பேஸுக்கும் எர்த்துக்கும் நடுவே பல்பு எரிகிறது பாருங்கள் என்று காட்டினால் அது போதாது.

வாங்கும்போது பார்க்க வேண்டியவை

கடையில் போய் டிரிப்பர் கொடுங்கள் என்று கேட்டால் எம்சிபிதான் கைக்கு வரும். ஆர்சிசிபி, டபுள் போல் (பேஸ், நியூட்ரல் இரண்டையும் வெட்டுவது), 30 மில்லி என்று கேளுங்கள். சாமானின் முகத்தில் 0.03 ஆம்பியர் என்று அச்சிட்டிருக்க வேண்டும். 0.1, 0.3 என்று இருப்பதும் வரும், அதாவது 100, 300 மில்லி, அவை கசிவால் தீப்பிடிப்பதைத் தடுக்கப் போடுவது, ஆளைக் காப்பாற்றாது. வெளியிலிருந்து பார்த்தால் எல்லாம் ஒரே மாதிரி இருக்கும், விலையில் கொஞ்சம் வித்தியாசம் என்று கடைக்காரர் மாற்றிக் கொடுத்தால் வாங்காதீர்கள். ஐஎஸ்ஐ முத்திரை இருக்கிறதா என்று பார்த்து, பில் போட்டு வாங்குங்கள். நல்ல கம்பெனி ஆர்சிசிபி ஒன்று, ஒரு நல்ல மிக்சியின் விலையைத் தாண்டாது.

25, 40, 63 என்று ஆம்பியர் எண்ணும் இருக்கும். அது ஆர்சிசிபி தாங்கும் கரண்ட், அதற்கு மேல் போனால் விழும் என்று நினைத்துவிடாதீர்கள். ஆர்சிசிபி ஓவர்லோடுக்கு விழாது, ஷார்ட்டுக்கும் விழாது. அதனால் அதற்கு முன்னால் எம்சிபி இருந்தே ஆக வேண்டும், அந்த எம்சிபியின் எண் ஆர்சிசிபியின் எண்ணைத் தாண்டக்கூடாது. இரண்டு வேலையையும் ஒரே சாமான் பார்ப்பது ஆர்சிபிஓ. கீசருக்கு மட்டும், மோட்டாருக்கு மட்டும் தனியாகப் போட அது ரொம்ப நல்லது.

இன்னொரு குறி பாருங்கள். முகத்தில் ஒரு அலைக்கோடு மட்டும் வரைந்திருந்தால் அது ஏசி வகை (குளிர வைக்கும் ஏசி இல்லை, ஆர்சிசிபியின் வகைப் பெயர்), அலைக்குக் கீழே அரை அரையாக மேடு வரைந்திருந்தால் ஏ வகை. இன்வெர்ட்டர் ஏசி, புதிய வாஷிங் மெஷின், இண்டக்‌ஷன் அடுப்பு என்று எலெக்ட்ரானிக் சாமான்கள் நிறைய உள்ள வீட்டுக்கு ஏ வகை வாங்குங்கள், அவற்றில் வரும் கசிவு நேரான அலையாக இருக்காது, ஏசி வகை அதைச் சரியாகப் பிடிக்காமல் விட்டுவிடக்கூடும்.

மூன்று பேஸ் வீடு என்றால் நாலு போல் உள்ளது ஒன்று, அல்லது பேஸுக்கு ஒன்றாக மூன்று டபுள் போல். அம்மாபேட்டை, கொண்டலாம்பட்டி பக்கம் வீட்டோடு விசைத்தறி ஓடுகிறவர்கள் தறிக்குத் தனி, வீட்டுக்குத் தனி என்று பிரித்துவிடுங்கள். தறி முழுக்க இரும்பு, நாள் முழுக்க அதிர்கிறது, மோட்டார் ஒயரின் உறை தேய்ந்து பாடியில் படுவது நான் அடிக்கடி பார்க்கிற பழுது. நூலைத் தொட்டுக்கொண்டே வேலை செய்கிறவருக்கு அந்த இரும்பிலிருந்து கையை எடுக்க நேரமே கிடையாது.

பொருத்தும்போது நடக்கும் தவறுகள்

வரிசை இப்படி இருக்க வேண்டும். மீட்டருக்குப் பிறகு மெயின் எம்சிபி, அதற்குப் பிறகு ஆர்சிசிபி, அதிலிருந்து அறைவாரியாக எம்சிபிகள். மீட்டரிலும் அதற்கு முன்னால் உள்ள ஃப்யூஸ் கேரியரிலும் கை வைக்கக்கூடாது, அது ஈபியுடையது. அங்கே சூடு, பொறி எது தெரிந்தாலும் ஈபியின் புகார் மையமான மின்னகம் 94987 94987க்கு போன் போடுங்கள்.

தொண்ணூறு சதம் தகராறு நியூட்ரலில் வரும் என்று என் அனுபவத்தில் சொல்வேன். ஆர்சிசிபி வழியாகப் போன பேஸின் நியூட்ரல் அதே ஆர்சிசிபி வழியாகத் திரும்ப வேண்டும். பழைய வீட்டில் பேஸை மட்டும் சுவிட்ச் போர்டுக்குப் போர்டு கணக்காக இழுத்திருப்பார்கள், நியூட்ரலைக் கிட்டே எது இருக்கிறதோ அதிலிருந்து எடுத்திருப்பார்கள். எம்சிபிக்கு அது தெரியாது. ஆர்சிசிபி போட்ட அன்றைக்கே கணக்கு இடிக்கும், ஃபேன் போட்டால் விழும், லைட் போட்டால் விழும். வீட்டில் இரண்டு ஆர்சிசிபி இருந்தால் இரண்டுக்கும் தனித்தனி நியூட்ரல் பார் வைத்து, ஒன்றின் நியூட்ரல் இன்னொன்றோடு எங்கேயும் சேராமல் பார்க்க வேண்டும்.

அப்புறம் இன்வெர்ட்டர். கரண்ட் கட்டுக்குப் பயந்து பின்னால் வாங்கி மாட்டியது, அதன் பேஸ் தனி ஒயரில் ஃபேன் லைட்டுக்குப் போகும், நியூட்ரல் பொதுவில் கலந்திருக்கும். ஆர்சிசிபி விழுகிறது என்றதும் இன்வெர்ட்டர் லைன் முழுவதையும் ஆர்சிசிபிக்கு வெளியே எடுத்துவிடுவது சிலரின் வழக்கம். விழுவது நிற்கும், அந்த லைனில் உள்ள பாயிண்ட் எல்லாம் பாதுகாப்பில்லாமல் போகும். இன்வெர்ட்டர் லைனுக்கு நியூட்ரலைத் தனியாகப் பிரித்து, இன்வெர்ட்டர் அவுட்புட்டில் அதற்கென்று ஒரு ஆர்சிசிபி போடச் சொல்லுங்கள். அரைநாள் வேலை கூடும், கூடட்டும்.

இதையெல்லாம் விட மோசமானது ஒன்று உண்டு. எர்த் ஒயர் இழுக்கவில்லை என்பதற்காக மூன்று பின் சாக்கெட்டின் எர்த் துளையை நியூட்ரலோடு ஒரு துண்டு ஒயரால் இணைத்திருப்பார்கள். வெளியே நியூட்ரல் எங்காவது அறுந்தால் மிக்சி, ஃப்ரிட்ஜ் என்று எல்லாப் பாடியும் பேஸ் ஆகிவிடும். இப்படி இணைத்த பாடி எங்காவது மண்ணையோ தண்ணீர்க் குழாயையோ தொட்டுக்கொண்டிருந்தால் ஆர்சிசிபி விழும், ஏனென்றால் கரண்டில் கொஞ்சம் அந்த வழியில் திரும்பும். அப்போது குற்றம் ஆர்சிசிபியிடம் இல்லை. எர்த் ஒயர் இழுங்கள்.

விழுந்தால் எங்கே தேடுவது

சரி, இப்போது போன் போடுகிறவர்களின் கேள்விக்கு வருகிறேன். விழுந்தது, ஏற்றினால் மறுபடி விழுகிறது. திரும்பத் திரும்ப ஏற்றிப் பார்க்காதீர்கள், கொம்பை நூலால் கட்டி வைக்காதீர்கள் (அப்படிக் கட்டினாலும் உள்ளே விழத்தான் செய்யும், அப்படித்தான் செய்திருக்கிறார்கள்).

காலில் ரப்பர் செருப்பு, கை உலர்ந்து இருக்கட்டும். எல்லா எம்சிபியையும் கீழே தள்ளிவிட்டு ஆர்சிசிபியை மட்டும் ஏற்றுங்கள். நின்றால், எம்சிபிகளை ஒவ்வொன்றாக ஏற்றுங்கள், நடுவில் கொஞ்ச நேரம் விட்டு. எதை ஏற்றும்போது விழுகிறதோ அந்த லைனில் பழுது. அந்த எம்சிபியை இறக்கிவிட்டு அந்த லைனில் உள்ள எல்லா பிளக்கையும் சாக்கெட்டிலிருந்து உருவிவிடுங்கள். சுவிட்சை ஆஃப் செய்தால் போதாதா என்று கேட்பீர்கள், போதாது. சுவிட்ச் பேஸை மட்டும்தான் வெட்டும், நியூட்ரல் தொடர்பு அப்படியே இருக்கும், சாமானுக்குள்ளே நியூட்ரல் பாடியைத் தொட்டுக்கொண்டிருந்தால் சுவிட்ச் ஆஃபில் இருந்தாலும் விழும். எல்லாவற்றையும் உருவிய பிறகு ஏற்றிப் பார்த்து, நின்றால் ஒவ்வொரு சாமானாக மாட்டுங்கள். திருடன் மாட்டிக்கொள்வான்.

முதல் கட்டத்திலேயே, எல்லா எம்சிபியும் கீழே இருக்கும்போதே ஆர்சிசிபி நிற்கவில்லை என்றால், நம் வீடுகளில் எம்சிபி பேஸை மட்டும் வெட்டும் வகை என்பதை நினைவில் வையுங்கள். எங்கோ நியூட்ரலும் எர்த்தும் ஒட்டியிருக்கிறது, அல்லது ஆர்சிசிபியே பழுது. பிளக் எல்லாவற்றையும் உருவிப் பாருங்கள், அதற்கும் நிற்கவில்லை என்றால் அது ஒயர்மேன் வந்து அவுட்கோயிங் ஒயரைக் கழற்றிப் பார்க்க வேண்டிய வேலை. சாமான் எல்லாம் சுத்தம், லைனில்தான் கோளாறு என்றால் 500 வோல்ட் மெகர் (ஒயர் உறையின் தடையை அளக்கும் மீட்டர்) வைத்து அளக்கச் சொல்லுங்கள், 1 மெகாஓமுக்குக் கீழே காட்டினால் அந்த ஒயரை மாற்ற வேண்டியதுதான்.

எது பெரும்பாலும் மாட்டும் என்று கேட்டால், கீசர் எலிமென்ட் (தண்ணீரைச் சூடாக்கும் கம்பி) முதலிடம். சேலம் உப்புத்தண்ணியில் எலிமென்ட் மேல் சுண்ணாம்பு படிந்து, சூடு வெளியேற வழியில்லாமல் உறை வெடித்து, உள்ளே தண்ணீர் இறங்கும். சில சமயம் குளிர்ந்திருக்கும்போது விழாது, சூடான பிறகு விழும், அதனால் இரண்டு நிமிடம் ஓடியது என்று நல்லது என முடிவு கட்டாதீர்கள். அடுத்து போர் மோட்டார், கிணற்று மோட்டார் ஜாயிண்ட். அப்புறம் வெட் கிரைண்டர், மாவு கழுவிய தண்ணீர் மோட்டாருக்குள் இறங்குவதால். வாளியில் போடும் ஹீட்டர் ராடு பற்றிக் கேட்கவே வேண்டாம், அதை மட்டும் ஆர்சிசிபி இல்லாத வீட்டில் தொடவே தொடாதீர்கள். இதோடு எறும்பு. சுவிட்ச் போர்டுக்குள் கூடு கட்டும் எறும்பும், நசுங்கிக் கிடக்கும் பல்லியும் மழைக்காலத்தில் எனக்கு நிறைய வேலை கொடுத்திருக்கின்றன.

ஏற்காட்டில் தனியாக ஒன்று சொல்ல வேண்டும். ஐப்பசி, கார்த்திகையில் பனிமூட்டம் வீட்டுக்குள்ளேயே வரும், சுவர் ஓதம் ஏறி, சுவருக்குள் ஒயர் போகிற கன்சீல்டு பைப்பில் தண்ணீர் நிற்கும். வெளிச்சுவர் லைட், கேட் லைட், தோட்டத்து பாயிண்ட் எல்லாம் தனி ஆர்சிபிஓவில் இருந்தால் அது மட்டும் விழும், வீடு இருட்டாகாது. சித்திரை மாத இடிமழைக்கும் சில நேரம் விழும், அப்போது ஒருமுறை ஏற்றிப் பாருங்கள், நின்றால் சரி. ஊருக்குப் போகும்போது ஃப்ரிட்ஜ் கெட்டுவிடுமே என்று பயப்படுகிறவர்கள் ஃப்ரிட்ஜுக்கு மட்டும் தனி ஆர்சிபிஓ போட்டுக்கொள்ளுங்கள்.

எந்தப் பழுதும் கிடைக்கவில்லை, ஆனாலும் வாரத்துக்கு ஒரு முறை விழுகிறது என்றால் கசிவுகளின் கூட்டுத்தொகையாக இருக்கலாம். கம்ப்யூட்டர், டிவி, எல்இடி டிரைவர், வாஷிங் மெஷின் ஒவ்வொன்றும் நல்ல நிலையிலேயே துளித்துளியாக எர்த்துக்குக் கசியும். எல்லாம் ஒரே ஆர்சிசிபியில் சேர்ந்து 12, 13 மில்லி நின்றால், குளிர்காலத்தில் கீசரின் சிறு கசிவு சேர்ந்தாலே 15ஐத் தாண்டிவிடும், அதற்கு மேல் எப்போது வேண்டுமானாலும் விழலாம். வீட்டை இரண்டு மூன்று ஆர்சிசிபியாகப் பிரிப்பதுதான் வழி. 30ஐ எடுத்துவிட்டு 100 போடுவது வழியில்லை.

இதுவும் காப்பாற்றாத இடங்கள் உண்டு

ஒரு கையில் பேஸ், மறு கையில் நியூட்ரல் என்று பிடித்துக்கொண்டு, காலுக்கடியில் காய்ந்த மரப்பலகை இருந்தால், போன கரண்ட் முழுவதும் உங்கள் வழியாகவே திரும்பிவிடும். ஆர்சிசிபிக்கு நீங்களும் ஒரு பல்பு. அது விழாது. அதனால் ஆர்சிசிபி இருக்கிறதே என்று மெயினை ஆஃப் செய்யாமல் போர்டைத் திறக்காதீர்கள்.

மீட்டருக்கு முன்னால் நடப்பதும் அதன் கணக்கில் வராது. சர்வீஸ் ஒயர் பைப்பிலும் மின்கம்பத்தை இழுத்துப் பிடிக்கிற ஸ்டே கம்பியிலும் துணி காயப்போட ஜிஐ கம்பி கட்டுகிற பழக்கம் நம்மிடம் இருக்கிறது. மழையில் சர்வீஸ் ஒயரின் உறை தேய்ந்து அந்தப் பைப்பில் பட்டால் ஈரத்துணியோடு கை வைப்பவரை உங்கள் ஆர்சிசிபியால் ஒன்றும் செய்ய முடியாது. இன்றைக்கே அவிழ்த்துவிட்டு நைலான் கயிறு கட்டுங்கள். ஆடியில் கோட்டை மாரியம்மன் திருவிழாவுக்குத் தெருவெல்லாம் சீரியல் செட் தொங்கும், நீங்களும் வாசலில் போடுவீர்கள். இரும்பு கேட்டில் சுற்றாதீர்கள், ஆர்சிசிபிக்குப் பின்னால் உள்ள பாயிண்டிலிருந்து மட்டும் கரண்ட் கொடுங்கள்.

யாரையாவது கரண்ட் பிடித்துக்கொண்டால் கையைப் பிடித்து இழுக்காதீர்கள், இழுக்கப் போனவரும் சேர்ந்து போன வீடுகள் உண்டு. மெயினை ஆஃப் செய்யுங்கள். முடியாவிட்டால் காய்ந்த கட்டையால், பிளாஸ்டிக் நாற்காலியால் தள்ளுங்கள். மூச்சு இல்லையென்றால் 108க்குச் சொல்லிவிட்டு, நெஞ்சின் நடுவில் இரண்டு உள்ளங்கையும் வைத்து ஐந்து சென்டிமீட்டர் இறங்கும் அளவுக்கு, நிமிடத்துக்கு 100 முதல் 120 முறை அழுத்திக்கொண்டே இருங்கள், ஆம்புலன்ஸ் வரும்வரை. மலைப்பாதையில் வண்டி ஏறிவர நேரம் ஆகும், அந்த நேரம் முழுக்க உங்கள் கைதான்.

கடைசியாக அந்த டெஸ்ட் பட்டன். மாதம் ஒரு முறை அழுத்துங்கள், கரண்ட் இருக்கும்போது. அதை அழுத்தினால் உள்ளே ஒரு ரெசிஸ்டர் வழியாகச் சிறு கரண்ட் வளையத்தைச் சுற்றிக்கொண்டு போகும், கணக்கு இடிக்கும், உடனே விழ வேண்டும். பிடித்துக்கொண்டே நிற்காதீர்கள், ஒரு தட்டு போதும். விழவில்லை, அல்லது இழுத்து இழுத்து விழுகிறது என்றால் அந்த ஆர்சிசிபியை மாற்றுங்கள். ஆண்டுக்கணக்கில் அசையாமல் இருந்தால் உள்ளே கொக்கி இறுகிவிடும், அழுத்துவதே அதைப் பழக்கத்தில் வைக்கத்தான். பட்டன் சரியாக வேலை செய்தால் எர்த் நன்றாக இருக்கிறது என்று பொருள் கொள்ளாதீர்கள், எர்த்தை அது பார்ப்பதே இல்லை.

மணிக்கட்டு உடைந்த அந்த அம்மாவின் வீட்டில் புது எலிமென்ட், கீசருக்குத் தனி ஆர்சிபிஓ, தென்னை மரத்தடியில் இரண்டு எர்த் குழி போட்டேன். டிபி பெட்டி மூடியின் உள்பக்கம் ஒரு வெள்ளைத்தாள் ஒட்டி, பட்டன் அழுத்திய தேதியை எழுதச் சொல்லி பென்சிலைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டு வந்தேன். போன மாதம் வேறு வேலையாகப் போனபோது திறந்து பார்த்தேன், தாளில் இரண்டாவது பத்தி ஓடிக்கொண்டிருந்தது, கடைசித் தேதி அந்த வாரத்துச் செவ்வாய்க்கிழமை.